பெட்டியில் எழுதாத பெயர்

அக்கா மகள் போன் செய்தபோது இரவு ஒன்பதரை. மறுநாள் காலை அவளுக்கு ஆன்லைன் தேர்வு. ஒரு வாரமாகவே லேப்டாப்பில் வைஃபை விட்டு விட்டு வந்துகொண்டிருந்தது. அன்று மாலை முழுதாகப் படுத்துவிட்டது. மெலிசான லேப்டாப், லேன் கேபிள் செருக இடமே கிடையாது. அவள் அப்பா கடைத்தெருவுக்கு ஓடி, நீல நிறத்தில் ஒரு யூஎஸ்பி அடாப்டர் வாங்கி வந்திருந்தார். ஒரு பக்கம் யூஎஸ்பி முனை, மறுபக்கம் ரவுட்டரிலிருந்து வரும் கேபிளுக்கான வாய். பெட்டியில் கம்பெனிப் பெயர் இல்லை. செருகினார்கள், நெட் வரவில்லை.

"மாமா, டிவைஸ் மேனேஜர்ல மஞ்சள் முக்கோணம் காட்டுது. டிரைவர் இல்லையாம்."

"உன் ஆண்ட்ராய்டு போனை யூஎஸ்பி வயர்ல மாட்டி, டெதரிங் ஆன் பண்ணிப் பாரும்மா."

அரை நிமிடம் ஆகியிருக்காது. "வந்துடுச்சு மாமா!" என்றாள். அப்புறம் கொஞ்ச நேரம் பேச்சில்லை. "போனும் யூஎஸ்பி, இதுவும் யூஎஸ்பி. போனைக் குத்துனா உடனே நெட் வருது. நெட்டுக்குன்னே செஞ்ச இதுக்கு மட்டும் ஏன் டிரைவர் கேட்குது?"

அடாப்டர் வேலை செய்யவில்லை என்று என்னிடம் வந்தவர்கள் பலர். இந்தக் கேள்வியை ஒருவரும் கேட்டதில்லை. பெரும்பாலோர் "பொருள் சரியில்லை" என்று தூக்கிப் போட்டுவிட்டு வேறொன்று வாங்கிவிடுவார்கள். நல்ல நிலையில் இருக்கும் எத்தனையோ அடாப்டர்கள் இப்படித்தான் மேசை இழுப்பறைக்குள்ளும் குப்பையிலும் போய்ச் சேருகின்றன. அவள் கேட்டதற்கான விடை தெரிந்தால் அவற்றில் பெரும்பகுதியை மீட்டுவிடலாம்.

யூஎஸ்பி துளைக்குள் ஒரு பொருள் நுழைந்ததும் நடப்பதைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்ப்போம். பழைய நான்கு கம்பி யூஎஸ்பியில் இரண்டு கம்பிகள் மின்சாரத்துக்கு, இரண்டு தகவலுக்கு. பொருளுக்குள் இருக்கும் 1.5 கிலோ ஓம் மின்தடை ஒன்று, தகவல் கம்பிகளில் ஒன்றை மெல்ல மேலே இழுத்துப் பிடிக்கிறது. அந்த மின்னழுத்த ஏற்றத்தைக் கண்டுதான் 'யாரோ வந்திருக்கிறார்கள்' என்று கணினி அறிகிறது. எந்தக் கம்பி உயர்ந்தது என்பதிலிருந்து வந்தவரின் வேகமும் ஓரளவு தெரிந்துவிடும். அடுத்து கணினி அந்த இணைப்பை ஒருமுறை ரீசெட் செய்யும். புதிதாக வந்த எந்தப் பொருளுக்கும் முதல் முகவரி 0. அந்த முகவரிக்குக் கணினி அனுப்பும் முதல் கேள்வியே 'நீ யார்?' என்பதுதான். பிறகு 1 முதல் 127-க்குள் ஒரு எண்ணை முகவரியாகக் கொடுத்து, அதே கேள்வியை முழுமையாகக் கேட்கும். இவ்வளவும் முடியும்வரை பொருளுக்கு 100 மில்லி ஆம்பியருக்கு மேல் மின்சாரம் இழுக்க அனுமதியில்லை. வாசலில் நிற்பவர் பெயர் சொன்ன பிறகுதான் உள்ளே அழைத்து உட்கார வைக்கிறார்கள்.

பதில் மிகச் சுருக்கம்: 18 பைட்டுகள். அதில் ஒன்பதாவது, பத்தாவது பைட்டுகளில் நிறுவனத்தின் எண் இருக்கும். பதினொன்றிலும் பன்னிரண்டிலும் பொருளின் எண். நிறுவன எண்ணை யூஎஸ்பி அமைப்பு கட்டணம் வாங்கிக்கொண்டு ஒதுக்குகிறது. பொருள் எண்ணை அந்த நிறுவனமே வைத்துக்கொள்ளும். ஒவ்வொன்றையும் பதினாறின் அடிமானத்தில் நான்கு இலக்கமாக எழுதுவார்கள். 0 முதல் 9, அதன்பின் ஏ முதல் எஃப் வரை. ஆக மொத்தம் எட்டு இலக்கம். பெட்டிமேல் என்ன அச்சிட்டிருந்தாலும், வலைக்கடையில் என்ன பெயர் வைத்து விற்றாலும், கணினியைப் பொறுத்தவரை இந்த எட்டு இலக்கம்தான் அந்தப் பொருளின் பெயர்.

"மஞ்சள் முக்கோணத்து மேல ரைட் கிளிக் பண்ணி ப்ராப்பர்ட்டீஸ் போ. டீடெய்ல்ஸ்னு ஒரு பக்கம் இருக்கும். அங்க இருக்கற பட்டியல்ல ஹார்டுவேர் ஐடீஸ் எடு. விஐடி-க்கு அப்புறம் நாலு, பிஐடி-க்கு அப்புறம் நாலு. படி."

"சைபர், எஃப், இ, ஆறு. ஒன்பது, ஏழு, சைபர், சைபர்."

போனில் கேட்டதுமே எது என்று தெரிந்துவிட்டது. விலை குறைந்த நீல அடாப்டர்களில் உலகெங்கும் திரும்பத் திரும்பத் தென்படும் எண் அது. வேடிக்கை பார்க்க வேண்டிய விஷயம் ஒன்று அதில் உண்டு. 0-எஃப்-இ-6 என்ற நிறுவன எண், பதிவேட்டின்படி தொழிற்சாலைக் கணினிகள் செய்யும் ஒரு பழைய நிறுவனத்துக்குரியது. இந்த நீல அடாப்டரை அவர்கள் செய்யவில்லை. உள்ளே இருப்பது, டேவிகாம் நிறுவனத்தின் டிஎம்9601 என்ற சிப்பைப் பார்த்து வேறொருவர் செய்த, கிட்டத்தட்ட அதே மாதிரி ஆனால் முழுக்க அதே இல்லாத ஒரு சிப். நெடுங்காலம் லினக்ஸில் டிஎம்9601 என்ற டிரைவரும், 2013-இல் சேர்ந்த எஸ்ஆர்9700 என்ற டிரைவரும் இந்த ஒரே எண்ணைத் தம் பட்டியலில் வைத்திருந்தன. பெயர் ஒன்று, ஆள் வேறு என்ற குழப்பம் கணினிக்குள்ளும் வரும்.

எட்டு இலக்கத்தைக் கண்டுபிடிக்க மற்ற இடங்களிலும் சிரமமில்லை. லினக்ஸில் டெர்மினலைத் திறந்து எல்எஸ்யூஎஸ்பி என்று தட்டினால் வரிசையாக வரும். எது அடாப்டர் என்று தெரியாவிட்டால் ஒருமுறை பிடுங்கிவிட்டுப் பாருங்கள், காணாமல் போன வரிதான் அது. மேக்கில் சிஸ்டம் இன்ஃபர்மேஷனில் யூஎஸ்பி பகுதிக்குப் போக வேண்டும்.

சந்தையில் நூற்றுக்கணக்கான பெயர்களில் அடாப்டர்கள் கிடைத்தாலும் உள்ளே இருக்கும் சிப் குடும்பங்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. 0-பி-டி-ஏ என்று தொடங்கினால் ரியல்டெக். அதில் 8152 என்றால் 100 மெகாபிட், 8153 என்றால் ஜிகாபிட், 8156 என்றால் 2.5 ஜிகாபிட். 0-பி-9-5 என்றால் ஏசிக்ஸ். அதன் 1790 பரவலாகக் கிடைக்கும் ஜிகாபிட் சிப். சில நேரம் பெட்டி விற்கும் நிறுவனம் தன் சொந்த எண்ணைப் பதித்திருக்கும். டிபி-லிங்க்கின் யூஇ300 அடாப்டர் தன்னை 2357, 0601 என்று சொல்லிக்கொள்ளும், ஆனால் உள்ளே இருப்பது ரியல்டெக் 8153. லேன் வாய் இல்லாத மேக்புக் ஏர் 2008-இல் வந்தபோது அதற்கென ஆப்பிள் தனியாக விற்ற அடாப்டர், ஆப்பிள் எண்ணைச் சொன்னாலும் உள்ளே ஏசிக்ஸ் சிப். நின்டெண்டோ வீ விளையாட்டுக் கருவிக்கு விற்ற லேன் அடாப்டருக்குள்ளும் அதே ஏசிக்ஸ் குடும்பம்தான். ராஸ்பெரி பை பலகையை எடுத்துக்கொண்டால், ஆரம்ப காலத்தில் அதிலிருந்த லேன் வாயே பலகைக்குள் ஒட்டிவைத்த ஒரு யூஎஸ்பி அடாப்டர்தான். 2019-இல் வந்த நான்காம் பதிப்பில்தான் லேன் யூஎஸ்பியை விட்டுப் பிரிந்து தனிவழிக்கு வந்தது.

இனி அவள் கேட்ட கேள்விக்கு வருகிறேன். போன் ஏன் டிரைவர் கேட்கவில்லை?

எட்டு இலக்கப் பெயரோடு கூட, ஒவ்வொரு பொருளும் தன் வகுப்பையும் சொல்லலாம். 'நான் கீபோர்டு', 'நான் பென்டிரைவ்' என்பதற்கு உலகப் பொதுவான எண்கள் உண்டு. அதனால்தான் எந்த ஊர்க் கீபோர்டைச் செருகினாலும் உடனே தட்டச்சு செய்ய முடிகிறது. தயாரித்தவர் யார் என்று கணினி கவலைப்படுவதில்லை. கீபோர்டு என்ற வகுப்புக்கு ஒரே டிரைவர், அது இயங்குதளத்தோடு கூடவே வந்துவிடுகிறது. வலைப்பின்னலுக்கும் இப்படிப் பொது மொழிகள் இருக்கின்றன. சிடிசி-ஈசிஎம், 2010-இல் வந்த சிடிசி-என்சிஎம், மைக்ரோசாஃப்ட் வகுத்த ஆர்என்டிஐஎஸ் என்பவை அவை. பெரும்பாலான ஆண்ட்ராய்டு போன்களில் டெதரிங்கை அழுத்தியதும் போன் ஒருகணம் இணைப்பைத் துண்டித்துக்கொண்டு, மறுபடி வந்து, 'நான் இப்போது ஆர்என்டிஐஎஸ் வகை வலை அட்டை' என்று அறிமுகம் செய்துகொள்கிறது. அந்த மொழி விண்டோஸுக்கும் தெரியும், லினக்ஸுக்கும் தெரியும். உண்மையில் அந்த நேரத்தில் போனே ஒரு யூஎஸ்பி ஈதர்நெட் அடாப்டர்தான். கேபிளுக்குப் பதில் டவர், அவ்வளவே வித்தியாசம்.

நீல அடாப்டர் அப்படி எந்தப் பொது வகுப்பையும் சொல்லவில்லை. ரியல்டெக், ஏசிக்ஸ் சிப்புகளும் பெரும்பாலும் எஃப்-எஃப் என்ற எண்ணைச் சொல்கின்றன. 'நான் தனி ரகம், என் மொழி தெரிந்தவரைக் கூப்பிடு' என்பது அதன் பொருள். இதைச் சோம்பேறித்தனம் என்று நான் சொல்லமாட்டேன். ஈதர்நெட்டில் தகவல் சாதாரணமாக 1514 பைட் வரையிலான பொட்டலங்களாகப் போகிறது. ஈசிஎம் முறையில் ஒரு யூஎஸ்பி பயணத்துக்கு ஒரு பொட்டலம் மட்டுமே. வேகம் கூடக்கூட இது பெரும் சுமை, ஒவ்வொரு கடிதத்துக்கும் ஒரு தபால்காரரை அனுப்புவது மாதிரி. சிப் செய்பவர்கள் பல பொட்டலங்களை ஒரே மூட்டையாகக் கட்டி, மேலே தங்களுக்கே உரிய சீட்டு ஒட்டி அனுப்பும் முறையைக் கண்டுகொண்டார்கள். பிழை சரிபார்க்கும் கணக்கையும் சிப்பே போட்டுக் கொடுத்துவிடும். அந்தச் சீட்டைப் படிக்கத் தெரிந்தவர்தான் டிரைவர். என்சிஎம் வந்தபோது மூட்டை கட்டும் வித்தை பொது மொழிக்கும் வந்துவிட்டது, ஆனால் அதற்குள் தனி மொழிகள் வேரூன்றிவிட்டன. விண்டோஸ் 11-தான் என்சிஎம்மைத் தன்னோடு கொண்டுவந்தது.

எனக்கு மிகவும் பிடித்தது ரியல்டெக் 8153 செய்யும் ஏற்பாடு. அது தன்னைப் பற்றி இரண்டு அறிமுகங்களை வைத்திருக்கிறது. முதலாவது தனி மொழி, இரண்டாவது ஈசிஎம் பொது மொழி. தன் சொந்த டிரைவர் இருக்கும் கணினியில் முதலாவதைப் பேசும். இல்லாத இடத்தில் இரண்டாவதைத் தேர்ந்துகொள்ளலாம், கொஞ்சம் மெதுவாக ஆனாலும் வேலை நடக்கும். புது ஊருக்குப் போகும்போது அந்த ஊர் மொழியில் நாலு வார்த்தை கற்றுக்கொண்டு போகிற பண்பு இது. எல்லா அடாப்டரும் இப்படி இருந்துவிட்டால் இந்தக் கட்டுரைக்கே தேவை இருந்திருக்காது.

பெயர் தெரிந்தாகிவிட்டது, மொழி தெரிந்தவரைத் தேட வேண்டும். கணினி தேடும் விதமும் நாம் தேட வேண்டிய விதமும் ஒன்றேதான். லினக்ஸில் ஒவ்வொரு டிரைவரும் தனக்கு எந்தெந்த எண்கள் தெரியும் என்று ஒரு பட்டியல் வைத்திருக்கும். எல்லாப் பட்டியலும் ஒரே கோப்பில் தொகுக்கப்பட்டிருக்கும். பொருள் எண்ணைச் சொன்னதும் அந்தக் கோப்பில் தேடி, பொருந்தும் டிரைவர் தானாக ஏறும். விண்டோஸில் அதே வேலையை ஐஎன்எஃப் என்று முடியும் சிறு கோப்புகள் செய்கின்றன. முதலில் முழு எண் பொருந்துகிறதா என்று பார்க்கும், பொருந்தாவிட்டால் வகுப்பு பொருந்துகிறதா என்று பார்க்கும், இரண்டும் இல்லையென்றால் மஞ்சள் முக்கோணம்.

அக்கா மகள் அதற்குள் போன் நெட்டில் தேட ஆரம்பித்திருந்தாள். முதலில் வந்த பக்கம், எல்லா டிரைவரையும் தானே கண்டுபிடித்துப் போட்டுத்தரும் ஒரு மென்பொருளை இறக்கச் சொன்னது. "தொடாதே" என்றேன், கொஞ்சம் சத்தமாகவே. டிரைவர் மற்ற மென்பொருள் மாதிரி அல்ல. அது இயங்குதளத்தின் கருவறைக்குள் போய் உட்காருகிறது. அங்கே நுழைந்தவருக்குக் கணினியில் மறைவு என்று எதுவும் இல்லை. யார் எழுதியது என்று தெரியாத ஒன்றை அங்கே விடக்கூடாது. 64 பிட் விண்டோஸ், கையொப்பம் இல்லாத டிரைவரை உள்ளே விட மறுப்பதும் இதனால்தான். அந்த மறுப்பை அணைத்து வைக்கச் சொல்லும் குறிப்புகளைப் பின்பற்ற வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. ரியல்டெக், ஏசிக்ஸ் போன்ற சிப் செய்தவர்களின் சொந்தத் தளத்திலேயே டிரைவர் கிடைக்கிறது. அதற்கு முன் விண்டோஸ் அப்டேட்டில் ஒருமுறை தேடிவிடுவது நல்லது.

அப்டேட்டில் அன்று எதுவும் வரவில்லை. "பெட்டிக்குள்ள சின்ன சிடி ஏதாவது இருக்கா பாரு" என்றேன். இருந்தது. உள்ளங்கை அளவு சிடி, ஆனால் லேப்டாப்பில் சிடி போடும் வசதி இல்லை. எதிர் வீட்டில் பழைய டெஸ்க்டாப் இருப்பது அக்காவுக்கு நினைவு வந்தது. பத்தரை மணிக்கு அத்திம்பேர் பென்டிரைவோடு போய், சிடியில் இருந்ததை அப்படியே நகலெடுத்து வந்தார். (இப்போதெல்லாம் சில அடாப்டர்கள் இந்தச் சிடியையே தங்களுக்குள் வைத்துக்கொண்டு வருகின்றன. செருகியதும் லேன் அட்டையாக இல்லாமல் சிடி டிரைவாகத் தோன்றும். அதற்குள் இருக்கும் டிரைவரை நிறுவியபின் வேடத்தைக் கலைத்துக்கொள்ளும். திரையில் திடீரென்று ஒரு சிடி டிரைவ் முளைத்தால் பயப்பட வேண்டாம். லினக்ஸில் அந்தச் சிடியை இஜெக்ட் செய்தாலே பல அடாப்டர்கள் உண்மை முகத்தைக் காட்டிவிடும்.)

நிறுவுவதற்கு முன் அவளை ஒரு காரியம் செய்யச் சொன்னேன். விண்டோஸ் 10 என்று பெயரிட்ட கோப்புறைக்குள் இருந்த ஐஎன்எஃப் கோப்பை நோட்பேடில் திறக்கச் சொன்னேன். அது வெறும் எழுத்துக் கோப்புதான், யாரும் படிக்கலாம். தேடும் பெட்டியில் பொருள் எண்ணைப் போடச் சொன்னேன்.

"இருக்கு மாமா! விஐடி 0-எஃப்-இ-6, பிஐடி 9700. அதே நம்பர்."

அவள் குரலில் இருந்த மகிழ்ச்சியை நான் இன்னும் மறக்கவில்லை. திரையில் தெரியும் ஒரு வரியும் கையில் இருக்கும் ஒரு பொருளும் ஒன்றையொன்று அடையாளம் கண்டுகொள்ளும் இடம் அது. அப்புறம் செய்தது எளிது. டிவைஸ் மேனேஜரில் அப்டேட் டிரைவர், அதில் கணினியிலேயே தேடும் வழி, அந்தக் கோப்புறையைக் காட்டுதல். கையொப்பம் சரியாக இருந்தது, விண்டோஸ் முணுமுணுக்கவில்லை. முக்கோணம் மறைந்தது. கேபிள் வாயில் பச்சை விளக்கு கண் சிமிட்டியது.

"ஆனா மாமா, நூறு எம்பிபிஎஸ்னு போட்டிருக்கு. டவுன்லோடு ஒன்பதைத் தாண்ட மாட்டேங்குது."

அதற்கும் விடை அந்த எட்டு இலக்கத்துக்குள்ளேயே இருக்கிறது. பொருள் தன்னைப் பற்றி எழுதிக்காட்டும் வரியில் யூஎஸ்பி 2.0 என்று இருந்தாலும், இந்தச் சிப் பேசுவது யூஎஸ்பி 1.1 வேகமான நொடிக்கு 12 மெகாபிட். அந்த வேகத்தில் ஒவ்வொரு மில்லி நொடிக்கும் 64 பைட் கொண்ட 19 பொட்டலங்கள் மட்டுமே போக முடியும். பெருக்கிப் பாருங்கள், நொடிக்கு 12,16,000 பைட், அதாவது பத்து மெகாபிட்டுக்கும் கொஞ்சம் குறைவு. கேபிள் பக்கம் எவ்வளவு அகலமான சாலை இருந்தாலும் கணினிப் பக்கம் ஒற்றையடிப் பாதை. ஜிகாபிட் அடாப்டரை யூஎஸ்பி 2 துளையில் செருகினாலும் இதே கதைதான், அங்கே முந்நூறு மெகாபிட்டை ஒட்டி நின்றுவிடும். தேர்வு எழுதுவதற்கும் கேமரா ஓடுவதற்கும் ஒன்பது போதும் என்று சொல்லித் தூங்கப் போகச் சொன்னேன். மறுநாள் தேர்வு தடங்கலின்றி முடிந்தது.

இரண்டு வாரம் கழித்து மறுபடி போன். அவள் தம்பியின் லேப்டாப்புக்கும் அதே கடையில் அதே நீல அடாப்டர் வாங்கியிருந்தார்கள். டிரைவரை அவளே போட்டுவிட்டாள். ஆனால் இருவரும் சேர்ந்து உட்கார்ந்தால் இருவருக்குமே நெட் அறுந்துபோகிறது. ஒருவர் எழுந்து போனால் மற்றவருக்குச் சரியாக வருகிறது.

ஒவ்வொரு லேன் அட்டைக்கும் 48 பிட் நீளத்தில் ஒரு மேக் முகவரி உண்டு. முதல் பாதி தயாரிப்பாளருக்கு ஒதுக்கப்பட்டது, இரண்டாம் பாதி அட்டைக்கு அட்டை மாற வேண்டும். இந்த வகை நீல அடாப்டர்கள் பலவற்றில் அது மாறுவதில்லை. 00, இ0, 4சி, 53, 44, 58 என்ற ஒரே முகவரியோடுதான் பெட்டி பெட்டியாக வெளியே வந்திருக்கின்றன. ஒரே வீட்டில் ஒரே முகவரியோடு இரண்டு பேர் இருந்தால் ரவுட்டர் என்ன செய்யும்? இருவருக்கும் ஒரே ஐபி எண்ணைக் கொடுக்கிறது. அவளுக்கு வந்த பொட்டலத்தைத் தம்பியின் கேபிளில் அனுப்புகிறது, அடுத்த கணம் மாற்றி அனுப்புகிறது. ஒரு அடாப்டர் மட்டும் இருக்கும் வீட்டில் இந்தக் குறை வாழ்நாள் முழுக்கத் தெரியாமலே போகலாம்.

சில டிரைவர்களின் அட்வான்ஸ்டு பக்கத்தில் நெட்வொர்க் அட்ரஸ் என்று ஒரு கட்டம் இருக்கும். அங்கே நாமே ஒரு முகவரி கொடுக்கலாம். இரண்டாவது இலக்கம் 2, 6, ஏ, இ ஆகியவற்றில் ஒன்றாக இருக்க வேண்டும். வீட்டுக்குள் நாமே வைத்துக்கொண்ட முகவரி என்பதற்கு அதுதான் அடையாளம். தம்பியின் அடாப்டருக்கு 02 என்று தொடங்கும் முகவரியை வைத்தோம். சண்டை அன்றோடு தீர்ந்தது.

போன மாதம் அக்காவுக்கும் ஒரு லேப்டாப் வந்தது, அதிலும் லேன் வாய் இல்லை. இந்த முறை கடைக்கு அக்கா மகளே போனாள். கடைக்குள் நின்றுகொண்டே பேசினாள்.

"மாமா, கடைக்கார அண்ணன்கிட்ட கேட்டு அவர் கம்ப்யூட்டர்லயே குத்திப் பார்த்தேன். சைபர் பி டி ஏ, எட்டு ஒன்னு அஞ்சு மூணு. மேக் அட்ரஸும் பக்கத்துல இருந்த இன்னொன்னோட ஒப்பிட்டுப் பார்த்துட்டேன், வேற வேற. அம்மா லேப்டாப்புல யூஎஸ்பி மூணு இருக்கு. வாங்கிடவா?"